ஒரே இலையில் இரண்டு ஊர்

கல்யாணமாகி ஒன்பது வருடங்களில் ஜெனீற்றா தன் கணவன் சமைத்த ஒரு கவளத்தைக்கூடச் சாப்பிட்டதில்லை. இத்தனைக்கும் றெக்ஷன் சமையலையே தொழிலாகச் செய்தவன். பதினான்கு வருடம் சரக்குக் கப்பல்களில் குக்காக இருந்து, பல நாட்டு ஆட்களுக்கு மூன்று வேளையும் சமைத்துப் போட்டவன். விடுமுறையில் சொந்த ஊரான கரம்பொனுக்கு வரும்போதெல்லாம், "லீவிலயும் என்னை அடுப்படியில விடப்போறீரோ?" என்று சிரித்துக்கொண்டு முற்றத்துக் கதிரையில் சாய்ந்துவிடுவான். ஜெனீற்றாவும் வற்புறுத்தவில்லை. வருடத்தில் இரண்டு மாதம் வீட்டில் நிற்கிற மனிதன், அதிலும் அடுப்பு ஊதுவதா?

நான்கு வருடங்களுக்கு முன் அவன் கடைசியாகப் போன கப்பலோடு அந்தச் சிரிப்பு நின்றது. ஒரு அரபுத் துறைமுகத்துக்கு வெளியே நங்கூரம் போட்டிருந்த கப்பலை அதன் முதலாளி அப்படியே கைவிட்டுவிட்டான். இறங்கவும் அனுமதி இல்லை, போகவும் எண்ணெய் இல்லை. எப்போதாவது ஒரு படகில் தண்ணீரும் கொஞ்சம் அரிசியும் வரும். பதினான்கு பேர் ஐந்து மாதம் அதில் கிடந்தார்கள். றெக்ஷன் வீடு வந்து சேர்ந்தபோது கல்யாண மோதிரம் விரலில் நிற்காமல் வழுகியது. வந்தவன் கடவுச்சீட்டை அலுமாரியில் வைத்துப் பூட்டிவிட்டு, யாக்கோப்பு அண்ணையின் படகில் நண்டுவலைக்குப் போகத் தொடங்கினான். அடுப்பு இருந்த குசினிக்குள் கால் வைப்பதையே விட்டுவிட்டான். தேத்தண்ணி வேண்டுமென்றாலும் வாசலில் நின்றுதான் கேட்பான். ஏன் என்று ஜெனீற்றா கேட்கவில்லை. கேட்டால் எழுந்து கடற்கரைக்குப் போய்விடுவான் என்று அவளுக்குத் தெரியும்.

போன ஆவணியில் ஒரு மத்தியானம், வலையில் நண்டு கழற்றிவிட்டு வந்து அவன் கை கழுவிக்கொண்டிருந்தபோது கைப்பேசி அடித்தது. திரையில் இரண்டு முகங்கள் நெருக்கியடித்துக்கொண்டு தெரிந்தன.

"குக்! குக்!" என்று இரண்டு பேரும் ஒன்றாகக் கத்தினார்கள்.

முன்பல்லில் இடைவெளி விட்டுச் சிரித்த நெடியவன் துண்டே. நைஜீரியாவில் லாகோஸ்காரன், இயந்திர அறையில் வேலை. மீசை நரைத்த குள்ளமானவன் எவரிஸ்தோ. மெக்சிக்கோவில் வெராக்குரூஸ் என்ற துறைமுகத்தில் பிறந்தவன், கப்பலின் மேல்தட்டில் வேலை. இருவரும் அந்தக் கைவிடப்பட்ட கப்பலில் றெக்ஷனோடு கிடந்தவர்கள். இப்போது வேறொரு கப்பலில் சேர்ந்து வேலை செய்கிறார்கள். அந்தக் கப்பல் திருத்த வேலைக்காகக் கொழும்புக்கு வருகிறதாம். நாலு நாள் லீவு கிடைத்திருக்கிறதாம்.

"அடுத்த சனிக்கிழமை பின்னேரம் உன் வீட்டில் நிற்போம்," என்றான் துண்டே ஆங்கிலத்தில். "என்ன வாக்குக் கொடுத்தாய் என்று ஞாபகம் இருக்கிறதுதானே?"

"இருக்கு, இருக்கு," என்று றெக்ஷன் சொன்னான். கைப்பேசியை வைத்த பிறகும் ஈரக் கையைத் துடைக்காமல் நின்றான்.

ஜெனீற்றா கணக்குப் போட ஆரம்பித்திருந்தாள். "உந்த நாட்டுச் சாப்பாடு ஒண்டும் எனக்குத் தெரியாதப்பா. நண்டுக்கறி வைச்சுப் புட்டவிச்சு விடுறன். உறைப்பைக் குறைப்பம், என்ன?"

"இல்லை. நான்தான் சமைக்கோணும்."

அவள் சிரித்தாள். அவன் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு நின்றது.

"கப்பலில பின்னேரங்களில மேல்தட்டில இருந்து அவங்கள் ரெண்டு பேரும் சாப்பாட்டுக் கதைதான் கதைப்பாங்கள்," என்றான் றெக்ஷன். "கோப்பையில கிடக்கிறது வெறுஞ்சோறு. வாயில வாறது முழுக்க அவையளின்ர அம்மாமாற்ற சமையல். துண்டே சொல்லுவான், கௌப்பிப் பயறை ஊறப்போட்டுத் தோல் கழட்டி அரைச்சு, மிளகாயும் காஞ்ச கூனி இறாலும் சேர்த்து இலையில கட்டி அவிக்கிற மொயின்மொயின் மாதிரி உலகத்தில ஒண்டுமில்லை எண்டு. எவரிஸ்தோ விடமாட்டான். சோளத்தை அரைச்சு இலையில பூசி, உள்ளுக்கு இறைச்சி வைச்சு அவிக்கிற தமால்தான் சாப்பாடு எண்டுவான். ஒருநாள் அடிபிடி வரப் பாத்தது. நான் இடையில பூந்து, 'உயிரோட கரையேறினா ரெண்டையும் ஒரே இலையில கட்டி அவிச்சுத் தாறன், இப்ப வாயை மூடுங்கோ' எண்டு சொல்லிப்போட்டன்."

"அவ்வளவுதானே? பகிடிக்குச் சொன்னது."

"பகிடிக்குத்தான் சொன்னனான். ஆனா அதுக்குப் பிறகு ஒவ்வொரு பின்னேரமும் அதுதான் கதை. உள்ளுக்கு நண்டு வைப்பமோ, மீன் வைப்பமோ, உறைப்பு எவ்வளவு போடுவம், மேல என்ன குழம்பு ஊத்துவம் எண்டு. அதைக் கதைச்சுக் கதைச்சுத்தான் கடைசி ரெண்டு மாதமும் போச்சு, ஜெனீற்றா."

அவள் சாமான் எழுத ஒரு கடுதாசியை எடுத்துக் கொடுத்தாள்.

கௌப்பி கடையில் கிடைத்தது. கச்சான் கடலை, எள்ளு, செத்தல் மிளகாய் வீட்டிலேயே இருந்தன. கூனி இறால் ஊர்காவற்றுறைச் சந்தையில் வாங்கலாம். நைமிரிஸ் என்கிற சப்பளிந்த உருண்டை மிளகாயைத் தேடி றெக்ஷன் யாழ்ப்பாணம் வரை போய் வந்தான். பையைத் திறந்தாலே தும்மல் வருகிற மிளகாய் அது. கப்பலில் அதுபோன்ற ஒரு மிளகாய் தங்கள் நாட்டுக்குச் சொந்தம் என்று துண்டேயும் எவரிஸ்தோவும் தனித்தனியாகச் சத்தியம் செய்திருந்தார்களாம். சிக்கல் சோளத்தில்தான் வந்தது. கடைகளில் பையில் விற்ற சோளமா கொழுக்கட்டைக்குக்கூட உதவாது. முழுச்சோளத்தைச் சுண்ணாம்புத் தண்ணியில் அவித்துத் தோலுரித்து அரைத்தால்தான் மா ஒட்டிப் பிடிக்கும் என்று எவரிஸ்தோ ஆயிரம் தடவை சொல்லியிருந்தான்.

முழுச்சோளம் வேலிக்கு அடுத்த பக்கம் இருந்தது. றெக்ஷனின் அக்கா மேரிசுகந்தி கோழிகளுக்கென்று ஒரு மூட்டை வாங்கி வைத்திருந்தாள்.

"டேய், உனக்கு விசரே?" என்று அவள் கையை இடுப்பில் வைத்துக்கொண்டு கேட்டாள். "கடல் கடந்து வாற மனிசருக்குக் கோழித்தீனோ குடுக்கப்போறாய்?"

"அவன்ர நாட்டில அதுதான் சோறு, அக்கா."

"அப்ப என்ர கோழியளுக்கு?"

"ரெண்டு நாளைக்குப் புழு பூச்சியைப் பொறுக்கட்டும்."

முணுமுணுத்துக்கொண்டே அளந்து கொடுத்தாள். சுண்ணாம்பு யாக்கோப்பு அண்ணையிடம் வாங்கியது. அவர் ஓயாமல் வெற்றிலை போடுகிறவர். எதற்கு என்று கேட்டுவிட்டு, சோளம் அவிக்க என்று பதில் வந்ததும், "பேந்தென்ன, பாக்கும் போட்டு அவியன். சிவக்கும்," என்றார்.

வியாழக்கிழமை காலையில் றெக்ஷன் ஒருமுறை செய்து பார்க்க நினைத்தான். நான்கு வருடத்துக்குப் பிறகு குசினிக்குள் போனான். ஜெனீற்றா பின்னால் போகாமல், விறாந்தையில் வலைக்கு முடிச்சுப் போடுகிற சாட்டில் உட்கார்ந்து காதை மட்டும் உள்ளே வைத்திருந்தாள். கத்தி பலகையில் விழும் சத்தம் கேட்டது. வெங்காயம் அரிகிற வேகத்தைக் கேட்டு அவளுக்கே ஆச்சரியம். பிறகு சத்தம் நின்றது. கன நேரமாக ஒன்றுமில்லை.

எழுந்து போய் எட்டிப் பார்த்தாள். றெக்ஷன் மேசை முன்னால் நின்றான். கையில் ஒரு தேத்தண்ணிக் கோப்பை. அதில் கௌப்பியை அள்ளி, விரலால் மேலே வழித்து மட்டமாக்கி, சட்டியில் கொட்டினான். மறுபடி அள்ளி வழித்தான். கோப்பையின் வெளிப்பக்கம் ஒட்டியிருந்த ஒரு விதையையும் தட்டிச் சாக்குக்குள் திருப்பிப் போட்டான். பக்கத்தில், ஜெனீற்றா முதல்நாள் ஊறவைத்ததில் ஏற்கெனவே கட்டிய பொதிகள் ஆறு இருந்தன. ஒவ்வொன்றும் நெருப்புப் பெட்டி அளவு.

"உது காணாதேப்பா," என்றாள் ஜெனீற்றா மெதுவாக. "அந்த உயரமான மனிசனுக்கு ஒரு வாய்க்கும் வராது."

"காணும்."

"சாக்கு நிறையக் கிடக்குத்தானே. இன்னும் ரெண்டு சுண்டு போடுங்கோவன்."

"காணும் எண்டு சொல்லுறன்தானே!"

அவன் அவளிடம் அப்படிச் சத்தம் போட்டதில்லை. போட்ட சத்தம் அவனுக்கே கேட்டிருக்க வேண்டும். கோப்பையை வைத்துவிட்டுக் குசினி நிலத்திலேயே உட்கார்ந்தான். அவளும் போய்ப் பக்கத்தில் இருந்தாள்.

"ஐஞ்சு மாதம் பதினாலு பேருக்கு முன்னால நிண்டு உந்தச் சொல்லைத்தான் சொன்னனான்," என்றான். "காணும், காணும் எண்டு. காணாது எண்டு அவங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். கோப்பையால அளந்து அளந்து போடேக்க எல்லாற்ற கண்ணும் என்ர கையில இருக்கும். சமைக்கிறவன் கடைசியாத்தான் சாப்பிடுறது. கன நாள் சட்டியில ஒண்டும் இருக்காது. ஒருக்கா துண்டே தன்ர கோப்பையில பாதியைச் சாப்பிடாமல் மூடி என்ர கட்டிலில வைச்சிட்டுப் போயிருந்தவன். கேட்டதுக்கு, வயிறு சரியில்லை எண்டான். ஆறடி மூண்டங்குல மனிசன்." அவன் கைகளைப் பார்த்தான். "இப்ப அவங்கள் வாறாங்கள். நிறையப் போடோணும் எண்டு மனம் சொல்லுது. கைக்கு ஏலாமக் கிடக்கு."

ஜெனீற்றா அவனுடைய தோளில் கொஞ்ச நேரம் தலையைச் சாய்த்துக்கொண்டு இருந்தாள்.  அப்போது அவளுக்கு ஒரு யோசனை வந்தது. அன்று பின்னேரம் சட்டையை மாற்றிக்கொண்டு வெளியே போனவள் பொழுதுபடத்தான் வந்தாள்.

வெள்ளிக்கிழமை விடிய, தேத்தண்ணி கொடுக்கும்போது சொன்னாள்.

"நாளைக்கு நாற்பது பேர் வருகினம்."

"எங்க?"

"இஞ்சதான். சாப்பிட. மச்சாள் வீட்டில ஆறு பேர். யாக்கோப்பு அண்ணை வீட்டில எட்டு. கோயில் பாட்டுக்குழு முழுக்க. பாதரும் வாறன் எண்டவர். மிச்சம் கரையில கண்ட ஆக்கள்."

றெக்ஷன் எழுந்துவிட்டான். "உமக்கென்ன பிடிச்சிருக்கு? ஆரைக் கேட்டுச் சொன்னனீர்? நாற்பது பேருக்கு நான் என்னத்தை..."

"கப்பல் குக்குக்கு நாற்பது பேர் பெரிய காரியமோ?"

 திட்ட வேண்டும் என்று தோன்றியது அவன் முகத்தில் தெரிந்தது. பிறகு முகம் மெல்ல மாறியது. உதடு அசைந்தது. அவன் எண்ணிக்கொண்டிருந்தான்.

"ஆளுக்கு ரெண்டு பொதி. துண்டேக்கு ஆறு. நூறு பொதி கட்டோணும். பாட்டுக்குழு பெடியங்கள் ரெண்டோட எழும்பமாட்டாங்கள்... நூற்றிருவது." சட்டென்று நிமிர்ந்தான். "வீட்டுச் சட்டியில ஏலாது. கோயில் கிடாரம் வேணும், ரெண்டு. வாழையிலை முப்பதாவது வேணும். அக்காட்டச் சொல்லும், மிச்சச் சோளமும் வேணும். இண்டைக்குப் பின்னேரமே அவிச்சு ஊறவிட்டாத்தான் நாளைக்கு அரைக்கலாம். நிண்டு பாக்கிறீர்! போம், போம், கெதியா!"

ஜெனீற்றா ஓடினாள். ஓடும்போது அவளுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. புருசன் தன்னை வேலைக்காரிபோல் விரட்டியதில் இப்படிச் சந்தோசப்பட்ட பெண் கரம்பொனில் வேறு இருந்திருக்கமாட்டாள்.

சனிக்கிழமை யாக்கோப்பு அண்ணை இரண்டு கூடை நண்டோடு வந்தார். மேரிசுகந்தியின் கிறைண்டர் ஒரு பக்கம் சோளத்தை அரைத்தது, ஜெனீற்றாவின் கிறைண்டர் மறுபக்கம் கௌப்பியை அரைத்தது. றெக்ஷன் சோள மாவில் தேங்காய் எண்ணெயும் முதற்பாலும் விட்டுப் பிசைந்தான். ஒரு உருண்டையைத் தண்ணீர்க் கோப்பையில் போட்டு, அது மிதந்ததும் தலையாட்டினான். நெருப்பில் வாட்டிய இலையில் மாவைப் பூசி, அதன்மேல் கெட்டியாக அரைத்த கௌப்பி, நடுவில் நைமிரிஸும் தக்காளியும் போட்டு வதக்கிய நண்டுச் சதை. மடித்து வாழைநாரால் ஒரு கட்டு. அவன் ஒன்று கட்டி முடிக்கும் நேரத்தில் மற்றவர்கள் இலையைத்தான் எடுத்திருப்பார்கள். இன்னொரு அடுப்பில் வறுத்த கச்சானும் எள்ளும் செத்தல் மிளகாயும் இஞ்சியும் கறுவாப்பட்டையும் அரைத்த குழம்பு கொதித்தது. அதில் அவன் ஒரு சொக்கிலேற் துண்டை உடைத்துப் போட்டதை மேரிசுகந்தி கண்டுவிட்டாள்.

"ஐயோ மாதாவே! குழம்புக்குள்ள சொக்கிலேற்றோ?"

"அவன்ர ஊரில அப்பிடித்தான், அக்கா."

"கச்சான்?"

"அது மற்றவன்ர ஊர். ரெண்டு பேரும் கச்சான் போடுவினம். அதில மட்டும் சண்டையில்லை."

பின்னேரம் ஐந்து மணிக்கு எதிர்பார்த்தவர்கள் இரண்டு மணிக்கே வந்து இறங்கினார்கள். ஓட்டோவிலிருந்து துண்டே வெளியே வந்த விதம் ஒரு நீள ஏணியை யன்னலால் எடுப்பதுபோல் இருந்தது.

"பேர் என்னவாம்?" என்று யாக்கோப்பு கேட்டார்.

"துண்டே," என்றாள் ஜெனீற்றா.

"துண்டோ? மனிசன் முழுசா நிக்கிறான்!"

றெக்ஷன் மாவுக் கையோடு வெளியே வந்தான்.  துண்டே இரண்டு கைகளாலும் அவனைத் தூக்கி நிலத்திலிருந்து எடுத்துவிட்டான். எவரிஸ்தோ றெக்ஷனின் கன்னத்தைக் கிள்ளி, வயிற்றைத் தட்டிப் பார்த்து, "சதை வைத்துவிட்டது!" என்று ஆங்கிலத்தில் கத்திவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

வாசனை வந்த பக்கம் மூக்கைத் திருப்பி, "கொசினா?" என்று எவரிஸ்தோ தன் ஸ்பானிய மொழியில் கேட்டான்.

"ஓம், குசினி," என்றாள் மேரிசுகந்தி. சொன்ன பிறகுதான் அவளுக்கு உறைத்தது. "இவனுக்குத் தமிழ் தெரியுமோ?"

எவரிஸ்தோவுக்கும் ஆச்சரியம். மேசையைக் காட்டி, "மெசா," என்றான்.

"மேசை!"

தன் காலைத் தூக்கிக் காலணியைக் காட்டினான். "சப்பாத்தோ."

"சப்பாத்து! சப்பாத்துத்தான்!" மேரிசுகந்தி உள்ளே ஓடிப்போய்க் காலையில் மிஞ்சிய பாண் ரொட்டித் துண்டை எடுத்துவந்து காட்டினாள். அவன் "பான்!" என்றதும் அவள் வாயில் கையை வைத்தாள். "இவன் எங்கட ஆளடா! பேரைப் பார், எவரிஸ்தோ. எங்கட அப்புவின்ர தம்பி எவறிஸ்ற் எல்லோ!" அதற்குப் பிறகு அவர்கள் இருவரும் பொழுதுபடும் வரை கதைத்தார்கள். போர்த்துக்கேயர் முன்பு தமிழில் விட்டுப்போன அந்தப் பொதுச் சொற்கள் பத்துக்கு மேல் வராது. அது அவர்களுக்குப் போதுமாக இருந்தது.

விருந்தாளிகள் கதிரையில் இருக்கச் சம்மதிக்கவில்லை. இரண்டு பேரும் குசினிக்குள் புகுந்துவிட்டார்கள். துண்டே சட்டியில் கிடந்த நைமிரிஸைக் கண்டதும் ஒன்றை எடுத்து முகர்ந்து, "அத்தா ரோடோ! எங்கள் மிளகாய்! கப்பலில் சொன்னேனா இல்லையா?" என்றான். எவரிஸ்தோ அதைப் பறித்தான். "இது அபனேரோ. எங்கள் தோட்டத்து மிளகாய். நீங்கள் எங்களிடமிருந்து எடுத்தீர்கள்." துண்டே குழம்பில் கூனி இறால் காணாது என்றான். எவரிஸ்தோ மாவில் இன்னும் எண்ணெய் வேண்டும் என்றான். ஒருவன் உப்பை எடுத்தான், மற்றவன் அவன் கையைப் பிடித்தான்.

"வெளியில போங்கோ ரெண்டு பேரும்!" றெக்ஷன் அகப்பையைத் தூக்கினான். "இது என்ர குசினி!"

சொன்னது தமிழில். ஆனால் அகப்பை எந்த மொழியிலும் அகப்பைதான். இரண்டு பேரும் சிரித்துக்கொண்டு முற்றத்துக்கு ஓடினார்கள். அம்மியடியில் நின்ற ஜெனீற்றா அந்த வார்த்தையைக் கேட்டாள். இஞ்சியை மறுபடி அரைக்கத் தொடங்கச் சற்று நேரம் எடுத்தது அவளுக்கு.

துண்டேயின் ஊர்ச் சோறு முற்றத்தில் விறகடுப்பில் வெந்தது. தக்காளியும் மிளகாயும் வெங்காயமும் அரைத்த சாற்றில், தண்ணீர் அதிகம் விடாமல் சிவக்க வேகவைக்கிற சோறு. எவரிஸ்தோவின் ஊரிலும் சிவப்புச் சோறு உண்டு, அதில் பூண்டு கூட என்பதால், றெக்ஷன் பூண்டைக் கைநிறையப் போட்டிருந்தான். கொஞ்ச நேரத்தில் மேரிசுகந்தியின் அலறல் கேட்டது.

"டேய், சோறு அடிப்பிடிக்குதடா! கெதியா இறக்குங்கோ!"

அவள் பாய்ந்து போனாள். துண்டே அவளுக்கு முன்னால் கை விரித்து மறித்து நின்றான். "இல்லை, இல்லை, அம்மா! அதுதான் ருசி! எங்கள் ஊரில் விருந்து என்றால் அடி கருக வேண்டும்!" றெக்ஷன் மொழிபெயர்த்துச் சொன்னதும் மேரிசுகந்தி தலையில் கையை வைத்துக்கொண்டு இருந்துவிட்டாள். "இருபது வருசமா அடிப்பிடிச்ச சோத்துக்கு என்ர மனிசனிட்டப் பேச்சு வாங்கினனான். நைஜீரியாவில பிறந்திருந்தா என்னைத் தூக்கி வைச்சிருப்பினம்."

வெயில் தணிந்ததும் ஆட்கள் வரத் தொடங்கினார்கள். நாற்பது என்று சொன்னது ஐம்பதுக்கு மேல் இருந்தது. பாட்டுக்குழுவில் ஒருவர் றபான் மேளத்தோடு வந்தார். முற்றத்தில் பாய் விரித்து, கிடாரத்தின் மூடியைத் திறந்தபோது இலை அவிந்த வாசமும் நண்டும் தேங்காய்ப்பாலும் ஒன்றாக எழும்பின. பேசிக்கொண்டிருந்தவர்கள் பேச்சை நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தார்கள். கச்சானும் இஞ்சியும் பூசிச் சுட்ட விளைமீன் ஒரு தட்டத்தில், பொரித்த வாழைப்பழம் இன்னொன்றில்.

றெக்ஷன் அகப்பையோடு கிடாரத்தின் பக்கத்தில் நின்றுகொண்டான். எல்லோருக்கும் வைக்கிற இடம் அது. துண்டே எழுந்து வந்தான். அவன் கையிலிருந்த அகப்பையை எடுத்து எவரிஸ்தோவிடம் கொடுத்தான். ஒரு கதிரையை இழுத்துவந்து நடுமுற்றத்தில் போட்டு, றெக்ஷனின் தோளை அமுக்கி அதில் இருத்தினான். பெரிய பொதிகள் மூன்றைத் தட்டில் வைத்து மடியில் கொடுத்தான்.

"இன்றைக்கு குக் முதலில் சாப்பிட வேண்டும்," என்று எல்லோரையும் பார்த்துச் சொன்னான். ஆங்கிலம் விளங்காதவர்களுக்கும் விளங்கியது. பாதர் செபம் சொல்லத் தூக்கிய கையைப் பாதியில் நிறுத்தி, "சாப்பிடு மகன், செபத்தை நீ சாப்பிடேக்கை சொல்லுறன்," என்றார்.

றெக்ஷன் நாரை அவிழ்த்தான். ஐம்பது பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒரு துண்டு எடுத்துக் குழம்பில் தோய்த்து வாயில் வைத்தான். மென்றான். அவனுடைய கண் கலங்கியது உறைப்பிலா என்று யாரும் கேட்கவில்லை. விழுங்கிவிட்டு, "உப்புக் கொஞ்சம் குறைவு," என்றான்.

முற்றம் முழுக்கச் சிரித்தது. பிறகு ஒரே கூட்டம்தான். துண்டே முதல் பொதியைக் கண்ணை மூடிக்கொண்டு சாப்பிட்டான், இரண்டாவதை ஒன்றும் பேசாமல், மூன்றாவது கையில் இருக்கும்போது, "இது மொயின்மொயின்தான்," என்று அறிவித்தான்.

"வெளியே என்ன இருக்கிறது? சோளம்," என்றான் எவரிஸ்தோ. "சோளத்துக்குள் எதை வைத்தாலும் அது தமால்."

"உள்ளே இருப்பதுதான் உயிர்!"

யாக்கோப்பு அண்ணை இலையை நக்கிவிட்டு நிமிர்ந்தார். "ரெண்டு பேருக்கும் பிழை எண்டு சொல்லு, றெக்ஷன். இது எங்கட கொழுக்கட்டை. சர்க்கரைக்குப் பதிலா நண்டு வைச்சுக் கிடக்கு. அவ்வளவுதான்."

ஜெனீற்றா எல்லோருக்கும் தண்ணீர் வைத்துவிட்டு, கடைசியாகத் தனக்கு ஒரு பொதி எடுத்துக்கொண்டு கிணற்றுக் கட்டின்மேல் போய் இருந்தாள். முதலில் சோளத்தின் லேசான இனிப்பு வந்தது. பிறகு கௌப்பி பஞ்சுபோல் உடைந்தது. அதற்குள்ளிருந்து நண்டு. அந்த நண்டின் ருசி அவளுக்குப் பிறந்ததிலிருந்து தெரிந்தது, ஆனால் இப்படித் தெரிந்ததில்லை. குழம்பு நாக்கில் முதலில் கச்சானாக இருந்து, போகப்போக ஏதோ கசந்து, பிறகு காது மடல் வரை உறைத்தது. அவள் இன்னொன்று எடுக்க எழுந்தபோது றெக்ஷன் பக்கத்தில் வந்து நின்றான்.

"எப்பிடி?" என்று கேட்டான். ஐம்பது பேர் முன்னால் வராத பயம் அவன் குரலில் இப்போது இருந்தது.

"ஒன்பது வருசமா என்னை ஏமாத்திப்போட்டியள்," என்றாள் ஜெனீற்றா. "இனிமேல் ஞாயிற்றுக்கிழமை சமையல் உங்கட."

"ஞாயிறு மட்டும்தானோ?" என்று கேட்டுவிட்டு, அவள் கையிலிருந்த இலையை வாங்கிக்கொண்டு அவளுக்கு இன்னொரு பொதி எடுத்துவரப் போனான்.

றபான் முழங்கத் தொடங்கியது. எவரிஸ்தோ மேரிசுகந்தியை ஆட இழுத்தான். அவள் மாட்டேன் என்று சொல்லிக்கொண்டே ஆடினாள். துண்டே பாட்டுக்குழுவுக்கு நடுவில் இருந்து, சொல் தெரியாத மாதா பாட்டுக்குத் தடித்த குரலில் ராகம் இழுத்தான். பாதர் இரண்டாம் தரம் சாப்பிட்டார்.

திங்கட்கிழமை அவர்கள் போகும்போது புதிதாக அவித்த முப்பது பொதிகள் வாழையிலையில் சுற்றி, பெட்டியில் ஐஸ் போட்டுக் கப்பலுக்குப் போயின. புதன்கிழமை மத்தியானம் அழைப்பு வந்தது. பேசியது அந்தக் கப்பலின் குக், பிலிப்பீன்ஸ்காரன். கப்பலில் எல்லோரும் மறுபடி கேட்கிறார்கள், செய்முறை சொல்ல வேண்டும் என்றான். றெக்ஷன் கைப்பேசியைத் தோளுக்கும் காதுக்கும் இடையில் இடுக்கிக்கொண்டு குசினியில் மீன் வெட்டியபடி சொல்லத் தொடங்கினான். சோளம் இவ்வளவு, சுண்ணாம்பு இவ்வளவு, கௌப்பி ஊற இத்தனை மணி.

"எத்தனை பேர் உங்கட கப்பலில? இருபத்திரண்டோ?" என்று கேட்டான் ஆங்கிலத்தில். "அப்ப முப்பது பேருக்கு அவி. ஓம், முப்பது. மிஞ்சினா மிஞ்சட்டும்."

வேலிக்கு அந்தப் பக்கமிருந்து மேரிசுகந்தியின் குரல் வந்தது. "றெக்ஷன்! என்ர கோழியள் பட்டினி! சோளம் எப்ப வரும்?"

"நாளைக்கு அக்கா!" என்று கத்திவிட்டு, அவன் மறுபடி பிலிப்பீன்ஸ்காரனுக்கு நண்டு உடைப்பதைப் பற்றிச் சொல்லப்போனான்.